ஒரே சொல் திரும்ப வந்தால் வரட்டும்: அறிவியல் கட்டுரையில் எதை மாற்றலாம், எதைத் தொடக்கூடாது

நீங்கள் கேட்டது இதுதான். மலேசியாவின் பினாங்கில் ஆசிரியர் பயிற்சியில் இருக்கிறீர்கள். நீர் ஆவியாதல் பற்றி மாணவர்களை வைத்துச் செய்த பரிசோதனையைத் தமிழில் கட்டுரையாக எழுதிக் கொடுத்தீர்கள். படித்துப் பார்த்தவர் "ஒரே சொல் திரும்பத் திரும்ப வருகிறது, இது கூறியது கூறல், வேறு சொல் போட்டு எழுதுங்கள்" என்று ஓரத்தில் குறித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டார். அகராதியையும் சாட்ஜிபிடியையும் வைத்துக்கொண்டு மாற்றிப் பார்த்தீர்கள், இப்போது கட்டுரை உங்களுக்கே புரியவில்லை. எந்தச் சொல்லை மாற்றலாம், எதை மாற்றக்கூடாது?

சுருக்கமாகச் சொன்னால், ஒரு பொருளுக்கோ அளவுக்கோ நிகழ்வுக்கோ ஒரு பெயர் வைத்துவிட்டால் கட்டுரையின் கடைசி வரி வரைக்கும் அதே பெயர்தான். பத்து முறை வந்தாலும் சரி, முப்பது முறை வந்தாலும் சரி. படிக்க அலுப்பாக இருந்தால் வாக்கியத்தைத் திருத்துங்கள், பெயரைத் தொடாதீர்கள். மற்றதெல்லாம் இதன் விவரம், ஆனால் விவரத்தில்தான் பலரும் சறுக்குகிறார்கள் என்பதால் கொஞ்சம் நீட்டியே எழுதுகிறேன்.

முதலில் நீங்கள் அனுப்பிய பத்தியை எடுத்துக்கொள்வோம். நீங்கள் முதலில் எழுதியது:

"அகன்ற தட்டில் நீரின் மேற்பரப்பளவு அதிகம். மேற்பரப்பளவு அதிகமாக இருப்பதால் நீர் விரைவாக ஆவியாகிறது. மேற்பரப்பளவு குறைவாக உள்ள போத்தலில் நீர் மெதுவாக ஆவியாகிறது. ஆகவே, மேற்பரப்பளவு அதிகரித்தால் நீர் ஆவியாகும் வேகமும் அதிகரிக்கிறது."

சொல் மாற்றிய பிறகு:

"அகன்ற தட்டில் நீரின் மேற்பரப்பளவு அதிகம். விரிவு மிகுந்திருப்பதால் நீர் துரிதமாக வற்றுகிறது. குறைந்த கொள்ளளவு கொண்ட போத்தலில் தண்ணீர் மந்தமாக உலர்கிறது. ஆகவே, அகலம் கூடினால் நீர் ஆவியாகும் விசையும் பெருகுகிறது."

இரண்டாவதைக் கொஞ்சம் நிறுத்திப் படியுங்கள். மேற்பரப்பளவு, விரிவு, கொள்ளளவு, அகலம் என்று நான்கு பெயர்கள் வந்துவிட்டன. உங்களுக்கு இவை நான்கும் ஒன்றுதான் என்று தெரியும். படிக்கிறவருக்கு எப்படித் தெரியும்? அவர் நான்கு வெவ்வேறு அளவுகளைச் சோதித்திருக்கிறீர்கள் என்றுதான் எடுத்துக்கொள்வார். அதிலும் கொள்ளளவு என்பது உங்கள் பரிசோதனையில் ஏற்கெனவே வேறு வேலையில் இருக்கிறது: எல்லாப் பாத்திரத்திலும் ஒரே கொள்ளளவு நீர் ஊற்றியதாகச் செய்முறையில் எழுதியிருக்கிறீர்கள். இங்கே வந்து "குறைந்த கொள்ளளவு கொண்ட போத்தல்" என்றால், போத்தலில் மட்டும் குறைவாக ஊற்றினீர்களா என்ற கேள்வி வரும், பரிசோதனையே செல்லாது என்றுகூட ஒருவர் சொல்லலாம். ஒரு சொல்லை மாற்றியதற்குக் கிடைத்த பலன் இது.

அப்புறம் "விசை". பேச்சில் "விசையாகப் போ" என்றால் வேகமாகப் போ என்று பொருள், அகராதியிலும் அப்படி இருக்கும். அறிவியலில் விசை என்பது தள்ளுவது, இழுப்பது, நியூட்டனில் அளப்பது. நீர் ஆவியாகும் விசை என்று ஒன்றை உங்கள் மாணவர்கள் அளக்கவே இல்லை. "உலர்தல்" துணிக்கும் தரைக்கும் பொருந்தும், அதாவது ஈரமான பொருள் உலர்கிறது, அதிலுள்ள நீர் ஆவியாகிறது. "வற்றுதல்" கிணற்றுக்கும் குளத்துக்கும் பொருந்தும், அது எந்த வழியில் நீர் குறைந்தது என்று சொல்வதில்லை.

இதே பத்தியைச் சொல்லை மாற்றாமல் இப்படித் திருத்தலாம்:

"அகன்ற தட்டில் நீரின் மேற்பரப்பளவு அதிகம், அதனால் அங்கே நீர் விரைவாக ஆவியாகிறது. போத்தலில் அது குறைவு, ஆவியாதலும் மெதுவாகவே நடக்கிறது. மேற்பரப்பளவு கூடக்கூட ஆவியாதலின் வேகமும் கூடுகிறது."

நான்கு முறை வந்த மேற்பரப்பளவு இரண்டாகக் குறைந்துவிட்டது, வேறு பெயர் எதுவும் நுழையவில்லை. செய்ததெல்லாம் இரண்டு வாக்கியங்களைச் சேர்த்தது, ஐயத்துக்கு இடமில்லாத இடத்தில் "அது" போட்டது, தெரிந்த எழுவாயை விட்டது. தமிழில் எழுவாயைச் சொல்லாமலே வாக்கியம் நிற்கும், இந்த வசதி எல்லா மொழிக்கும் கிடையாது. சொல்லைத் தேடி அகராதிக்குப் போவதற்கு முன்னால் இதைப் பயன்படுத்திப் பாருங்கள், பாதிச் சிக்கல் அங்கேயே தீர்ந்துவிடும். ஒன்று மட்டும் கவனம்: "அது" எதைக் குறிக்கிறது என்று ஒரு நொடி யோசிக்க வேண்டியிருந்தால் "அது" வேண்டாம், பெயரையே மறுபடி எழுதுங்கள்.

கூறியது கூறல் பற்றி ஒரு வார்த்தை, ஏனென்றால் அந்தப் பெயரைக் கேட்டதும் நீங்கள் பயந்துவிட்டீர்கள் போலிருக்கிறது. நன்னூல் சொல்லும் பத்துக் குற்றங்களில் அது ஒன்று, உண்மைதான். ஆனால் முன்பு சொன்ன செய்தியையே பயனில்லாமல் மறுபடி சொல்வதுதான் அந்தக் குற்றம். ஒரு கலைச்சொல் பல வாக்கியங்களில் வருவது அதில் சேராது, ஏனென்றால் ஒவ்வொரு வாக்கியமும் புதிதாக ஒன்றைச் சொல்கிறது. அதே பத்தில் "மயங்க வைத்தல்" என்று இன்னொரு குற்றமும் இருக்கிறது. மேற்பரப்பளவை நான்கு பெயரால் அழைத்தது சுத்தமாக அந்த வகை. பத்து அழகுகளைச் சொல்லும்போதோ "நவின்றோர்க்கு இனிமை"யோடு "விளங்க வைத்தல்" என்றும் நன்னூல் சேர்த்தே சொல்கிறது.

நம்மிடம் இந்தப் பழக்கம் எங்கிருந்து வருகிறது என்பதும் எனக்குப் புரிகிறது. நிகண்டுகளை மனப்பாடம் செய்து வளர்ந்த மொழி இது. ஞாயிறு, கதிரவன், பரிதி, ஆதவன் என்று அடுக்கத் தெரிந்தவருக்குத்தான் சொல்வளம் இருக்கிறது என்று பள்ளியில் கட்டுரைக்கு மதிப்பெண் போட்டார்கள். கவிதைக்கும் மேடைப்பேச்சுக்கும் அது அழகு, அதை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். அறிவியல் கட்டுரையில் அந்த அழகைத் தேடும்போதுதான் கேடு.

பேச்சில் ஒன்றாக இருந்து அறிவியலில் பிரிந்து நிற்கும் சொற்கள் தமிழில் நிறைய, இவற்றில்தான் மிகவும் கவனமாக இருக்க வேண்டும். "ஐஸ் கரைந்துவிட்டது" என்று வீட்டில் எல்லோரும் சொல்கிறோம். அறிவியலில் ஐஸ்கட்டி உருகுகிறது, சீனிதான் கரைகிறது. உருகுவதற்கு வெப்பம் போதும், கரைவதற்கு இன்னொரு பொருள் வேண்டும். உங்கள் தலைப்பிலேயே இன்னொரு ஜோடி இருக்கிறது: ஆவியாதல், கொதித்தல். ஆவியாதல் எந்த வெப்பநிலையிலும் நீரின் மேற்பரப்பில் நடக்கும், அதனால்தான் மேற்பரப்பளவு உங்கள் பரிசோதனையில் பேசப்படவே செய்கிறது. கொதித்தல் குறிப்பிட்ட வெப்பநிலையில் நீர் முழுவதிலும் குமிழி கிளம்பி நடப்பது. அந்த வெப்பநிலையும் காற்றழுத்தத்தைப் பொறுத்தது: கடற்கரையில் 100 பாகை செல்சியஸ், சுமார் 830 மீட்டர் உயரமுள்ள பினாங்கு மலை உச்சியில் 97 பாகையை ஒட்டி.

வெப்பம், வெப்பநிலை, சூடு, உஷ்ணம். பேச்சில் நான்கும் ஒன்றுதான். 100 கிராம் நீரை 10 பாகை சூடேற்ற ஏறக்குறைய 4,200 ஜூல் வெப்பம் வேண்டும். அதே 4,200 ஜூலை ஒரு லிட்டர் நீருக்குக் கொடுத்தால் வெப்பநிலை ஒரே ஒரு பாகைதான் ஏறும். வெப்பம் ஒன்றே, வெப்பநிலை உயர்வு பத்தில் ஒரு பங்கு. "வெப்பநிலை" என்று வர வேண்டிய இடத்தில் அலுப்புத் தட்டுகிறதே என்று "வெப்பம்" போட்டால் அந்த வாக்கியம் பொய்யாகிவிடும்.

சக்தி, ஆற்றல், திறன், வலு, வலிமை, விசை என்ற கூட்டம் இன்னும் மோசம். மின்கட்டணப் பில்லில் வருவது கிலோவாட்-மணி, அது சக்தியின் அளவு. ஏர்கோன் பெட்டியில் அச்சிட்டிருப்பது வாட், அது ஒரு நொடிக்கு எவ்வளவு சக்தி செலவாகிறது என்ற கணக்கு, அதை மின்திறன் என்போம். ஆசிரியர் எழுதும் கட்டுரையில் கூடுதலாக ஒரு தொல்லை, "மாணவர்களின் திறன்" என்று அதே சொல் வேறு பொருளில் வந்துகொண்டே இருக்கும். அங்கே மின்சாரத்தைப் பற்றியதை எப்போதும் "மின்திறன்" என்று முழுதாக எழுதிவிட்டால் குழப்பம் இல்லை.

உங்கள் வகைக் கட்டுரையில் இதைவிட அடிக்கடி நான் திருத்த வேண்டியிருப்பது அறிவியல் செயற்பாங்குத் திறன்களின் பெயர்களை. ஊகித்தல், முன் அனுமானித்தல், கருதுகோள் உருவாக்குதல் மூன்றும் பாடத்திட்டத்தில் தனித்தனியாக இருக்கின்றன, காரணத்தோடுதான் இருக்கின்றன. தட்டில் நீர் குறைந்திருப்பதைப் பார்த்துவிட்டு "காற்று பட்டதால் ஆவியாகியிருக்கலாம்" என்பது ஊகம். "நாளை இதே நேரத்துக்குத் தட்டு காய்ந்துவிடும்" என்பது முன் அனுமானம். "மேற்பரப்பளவு அதிகரித்தால் நீர் ஆவியாகும் வேகம் அதிகரிக்கும்" என்று இரண்டு மாறிகளை, அதாவது பரிசோதனையில் மாறக்கூடிய அளவுகளை, சேர்த்துச் சொல்வது கருதுகோள். உங்கள் இரண்டாம் பக்கத்தில் "எங்கள் ஊகம் சரியென நிறுவப்பட்டது" என்று வருகிறது, முதல் வடிவத்தில் அங்கே "கருதுகோள்" என்றுதான் இருந்தது. அதைத் திருப்பிப் போட்டுவிடுங்கள். தற்சார்பு மாறி, சார்பு மாறி, கட்டுப்படுத்தப்பட்ட மாறி மூன்றிலும் கைவைக்க வேண்டாம். "கட்டுப்படுத்தப்பட்ட" என்பதைச் சாட்ஜிபிடி "தடுக்கப்பட்ட" என்று மாற்றியிருக்கிறது. மாறாமல் வைத்துக்கொண்ட ஒன்று தடுக்கப்பட்டது ஆகாது.

சரி, அகராதி ஏன் இப்படிக் கைவிடுகிறது? ஒரு காரணம் எல்லா அகராதிக்கும் பொது: அது பேச்சுப் பொருளையும் துறைப் பொருளையும் ஒரே வரிசையில் கொடுக்கும். இன்னொன்று தமிழுக்கு உரியது. மூன்று நாட்டில் மூன்று விதமாகக் கலைச்சொல் புழங்குகிறது. ஒரு பொருளில் எவ்வளவு பருப்பொருள் இருக்கிறது என்பதற்குத் தமிழ்நாட்டில் நிறை, இலங்கையில் திணிவு, நம் தமிழ்ப்பள்ளியில் பொருண்மை. புவி அதை இழுக்கும் விசைக்குத் தமிழ்நாட்டில் எடை, இலங்கையில் நிறை! அதாவது ஒரே "நிறை" கடலுக்கு இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் வேறொன்று. 5 கிலோ அரிசி மூட்டையின் பொருண்மை இங்கேயும் 5 கிலோ, நிலாவிலும் 5 கிலோ. அதன் எடை இங்கே 49 நியூட்டன், நிலாவில் ஏறக்குறைய 8 நியூட்டன். இணையத்தில் தேடி இரண்டு நாட்டுக் கட்டுரையிலிருந்தும் ஆளுக்கொரு சொல்லை எடுத்துக் கலந்தால் இந்தக் கணக்கே தலைகீழாகிவிடும். வேகமும் அப்படித்தான். திசையோடு சேர்ந்ததைத் தமிழ்நாட்டில் திசைவேகம் என்பார்கள், இலங்கையில் வேகம் என்றாலே அதுதான், திசை இல்லாததற்கு அங்கே கதி. தனிமம்-மூலகம், சேர்மம்-சேர்வை, செல்-கலம், ஒளிச்சேர்க்கை-ஒளித்தொகுப்பு போன்றவற்றில் பொருள் கெடாது, ஆனால் ஒரே கட்டுரையில் இரண்டையும் கலந்தால் மாணவன் இரண்டு பொருள் என்று நினைப்பான். உயிர்வளி என்று தொடங்கினால் உயிர்வளி, ஆக்சிஜன் என்று தொடங்கினால் ஆக்சிஜன். எது சிறந்தது என்ற சண்டையில் நான் இறங்கவில்லை. தமிழ்ப்பள்ளிக்கான கட்டுரை என்றால் நம் பாடநூலில் உள்ளதை எடுங்கள், வெளிநாட்டு வாசகரும் படிப்பார் என்றால் முதல் முறை வரும்போது "தமிழ்நாட்டில் நிறை எனப்படும் பொருண்மை" என்று ஒரு வரி எழுதிவிட்டு நகருங்கள்.

நம் நாட்டில் இதற்குக் கூடுதல் காரணமும் இருக்கிறது. 2003-இல் தொடங்கி அறிவியலும் கணிதமும் ஆங்கிலத்தில் கற்பிக்கப்பட்டன, அதைக் கைவிடும் முடிவு 2009-இல் அறிவிக்கப்பட்டுப் பிறகு படிப்படியாக நடப்புக்கு வந்தது. அந்த இடைவெளியில் தமிழ்ப்பள்ளியில் படித்தவர்களுக்கு இந்தச் சொற்கள் காதில் விழுந்து பழகவில்லை, அதனால் எது உறுதியான சொல், எது நெகிழ்வான சொல் என்று உள்ளுணர்வாகத் தெரிவதில்லை. இதில் யாரையும் குறைசொல்ல ஒன்றுமில்லை. ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள்: இடைநிலைப்பள்ளிக்குப் போனதும் நம்மில் பலர் பொருண்மையை ஜிசிம், எடையைப் பெராட் என்று மலாயில் படித்தோம். ஜிசிம் திரும்பத் திரும்ப வருகிறதே, வேறு சொல் போடலாமே என்று அங்கே யாரும் கேட்டதில்லை. மலாயில் கலைச்சொற்களை ஒருமைப்படுத்த மலேசியாவும் இந்தோனேசியாவும் 1972-லேயே கூட்டு மன்றம் அமைத்துவிட்டன, புருணை 1985-இல் சேர்ந்தது. மலாய்க் கலைச்சொல்லுக்குக் கொடுக்கும் அதே மரியாதையைத் தமிழ்ச் சொல்லுக்கும் கொடுங்கள் என்பதுதான் நான் கேட்பது.

இப்போது கையால் செய்யும் வேலை. கணினியில் "எல்லாவற்றையும் மாற்று" பொத்தானைத் தமிழ்க் கட்டுரையில் அழுத்தவே அழுத்தாதீர்கள். "நிறை" என்பதை "பொருண்மை" ஆக்கச் சொன்னால் "நிறைய" எல்லாம் "பொருண்மைய" ஆகிவிடும், "நிறைவேறியது" "பொருண்மைவேறியது" ஆகும். "அணு"வை மாற்றப் போனால் "அணுகுமுறை" சிதையும். மறுபக்கம், மாற வேண்டியது மாறாமலும் போகும்: "ஆற்றல்" என்று தேடினால் "ஆற்றலை", "ஆற்றலின்" அகப்படாது, ஏனென்றால் அங்கே புள்ளி போய் உயிர்மெய்யாகிவிட்டது. அதனால் கடைசி எழுத்தை விட்டுவிட்டு "ஆற்ற" என்று தேடுங்கள், ஒவ்வொன்றாக நின்று பாருங்கள், மாற்றியதும் பின்னால் ஒட்டிய உருபையும் சந்தியையும் சரிசெய்யுங்கள். நேரம் ஆகும்தான்.

இதற்கு முன்னாலேயே ஒரு தாளில் உங்கள் கட்டுரையின் கலைச்சொற்களை எழுதிவைத்துவிட வேண்டும். சொல், அதன் பொருள் ஒரு வரியில், அலகு இருந்தால் அலகு, "இதற்குப் பதிலாக வரக்கூடாதவை" என்று ஒரு பட்டியல். உங்கள் கட்டுரைக்குப் பதினைந்து சொல் தேறினால் அதிகம். ஏஐ கருவியில் கொடுக்கும்போதும் அந்தத் தாளையே கொடுத்து, இந்தச் சொற்களை ஓர் எழுத்துக்கூட மாற்றாதே, வாக்கிய அமைப்பை மட்டும் திருத்து என்று சொல்லுங்கள். சொன்னாலும் சில சமயம் மாற்றிவிடும், அதனால் வெளிவந்ததைத் தாளோடு ஒப்பிட்டுப் பார்க்காமல் எடுக்காதீர்கள்.

மாற்றக்கூடியவையும் இருக்கின்றன, பயந்து எல்லாவற்றையும் பூட்டிவைக்க வேண்டாம். ஆகவே, எனவே, அதனால், ஆயினும், இருப்பினும், மேலும், இதைத் தவிர போன்ற இணைப்புச் சொற்களில் உங்கள் இஷ்டம். மாணவர்கள் ஊற்றினர், நிரப்பினர், வைத்தனர், எடுத்துக்கொண்டனர் போன்ற சாதாரண வினைகளிலும் சுதந்திரம் உண்டு. ஆனால் முடிவைச் சொல்லும் வினைகளில் கொஞ்சம் நிதானம். "தரவு காட்டுகிறது", "தரவிலிருந்து தெரிகிறது" இரண்டும் பக்கத்துப் பக்கத்தில் நிற்கும். "நிரூபிக்கிறது" என்றால் உறுதி ஏறிவிடுகிறது, "சுட்டுகிறது" என்றால் இறங்கிவிடுகிறது. மூன்று பாத்திரங்களை வைத்து ஒரு முறை செய்த பரிசோதனை எதையும் நிரூபிக்காது, காட்டும், அவ்வளவுதான். "தொடர்பு" என்ற இடத்தில் "காரணம்" போடுவதும் இதே வகைத் தவறு. விழுக்காட்டிலும் இதே கவனம் வேண்டும்: 10 விழுக்காடு 15 விழுக்காடானால் அது ஐந்து விழுக்காட்டுப் புள்ளி உயர்வு, அல்லது 50 விழுக்காடு உயர்வு. "ஐந்து விழுக்காடு உயர்வு" என்று சுருக்கினால் தப்பு.

கோலாலம்பூரில் முதுகலையும் முனைவர் பட்டமும் செய்கிறவர்கள் இதே கேள்வியோடு ஆங்கில ஆய்வேட்டைக் கொண்டுவருவார்கள், அவர்களுக்கும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். அங்கே சிக்கல், பிறர் எழுத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கும் டர்னிட்டின் என்ற மென்பொருளின் அறிக்கையில் வரும் ஒற்றுமை விழுக்காடு. அதைக் குறைக்கச் சொல்லை மாற்றும் மென்பொருளில் போட்டெடுத்தால் என்ன ஆகும் என்பதற்கு உலகமே பார்த்த சான்று இருக்கிறது. 2021-இல் கியோம் கபானாக், சிரில் லாபே, அலெக்சாண்டர் மகாசினோவ் என்ற மூவர், வெளிவந்த ஆய்வுக் கட்டுரைகளில் விசித்திரமான தொடர்களைத் தேடிக் காட்டினார்கள். "ஆர்டிஃபிஷியல் இன்டெலிஜென்ஸ்" வர வேண்டிய இடத்தில் "கவுன்டர்ஃபிட் கான்ஷியஸ்னெஸ்", அதாவது செயற்கை நுண்ணறிவு போலிப் பிரக்ஞை ஆகிவிட்டது. "பிரெஸ்ட் கேன்சர்" வர வேண்டிய இடத்தில் "புஸம் பெரில்", மார்பகப் புற்றுநோய் நெஞ்சு ஆபத்தாகிவிட்டது. சித்திரவதைக்கு உள்ளான தொடர்கள் என்று அவர்கள் இவற்றுக்குப் பெயர் வைத்தார்கள். கலைச்சொல்லைப் பூட்டாமல் சொல்லை மாற்றியதால் வந்த வினை இது. இப்போது இப்படிப்பட்ட தொடர் ஒன்று அகப்பட்டாலே முழுக் கட்டுரையையும் சந்தேகத்தோடு தோண்டுகிறார்கள். ஒற்றுமை விழுக்காட்டில் கலைச்சொல்லும் கருவியின் பெயரும் வழக்கமான செய்முறைத் தொடரும் சேரத்தான் செய்யும், அது திருட்டாகாது. அடுத்தவரின் வாக்கியத்தை அதே வரிசையில் வைத்துக்கொண்டு சொல்லை மட்டும் மாற்றினால், விழுக்காடு குறைந்தாலும் அது திருட்டுத்தான். மூலத்தை மூடிவைத்துவிட்டு, புரிந்ததை உங்கள் வரிசையில் எழுதுங்கள், எங்கிருந்து வந்தது என்று குறிப்பிடுங்கள், கலைச்சொல் அப்படியே நிற்கட்டும். "சிக்னிஃபிகன்ட்" என்ற ஒரு சொல்லுக்கு மட்டும் தனியாக எச்சரிக்கை: புள்ளியியலில் அதற்கென்று வரையறை உண்டு, அலங்காரத்துக்காக "இம்பார்ட்டன்ட்" என்று மாற்றினால் உங்கள் முடிவு வேறாகிவிடும்.

உங்கள் கட்டுரைக்குத் திரும்பினால், முதல் வடிவத்தையே மறுபடி எடுங்கள், சொல் மாற்றிய வடிவத்தைத் திருத்த முயலாதீர்கள், எது எங்கே மாறியது என்று கண்டுபிடிப்பதற்கே இரட்டிப்பு வேலை ஆகும். முதல் வடிவத்தில் அடுத்தடுத்த வாக்கியங்கள் ஒரே சொல்லில் தொடங்கும் இடங்களை மட்டும் கோடிட்டு, மேலே காட்டியதுபோல் சேர்த்தோ சுருக்கியோ எழுதுங்கள். செய்முறைப் பகுதியில் பாத்திரம்தோறும் ஒரே செய்தி திரும்ப வருவதைப் பார்த்தேன், அது மெய்யாகவே கூறியது கூறல், திருத்தியவர் அங்கே சரியாகத்தான் பிடித்திருக்கிறார். அதை ஓர் அட்டவணையாக்கிவிட்டால் அரைப்பக்கம் மிச்சமாகும்.

பிறகு திருத்தியவருக்கு மரியாதையாக ஒரு குறிப்பு எழுதுங்கள், இப்படி இருக்கலாம்: "ஐயா, செய்முறையில் திரும்ப வந்த செய்திகளை நீக்கி அட்டவணையாகக் கொடுத்துள்ளேன். பிற பகுதிகளில் வாக்கியங்களைச் சேர்த்து எழுதியுள்ளேன். மேற்பரப்பளவு, கொள்ளளவு, ஆவியாதல், கருதுகோள், மாறிகளின் பெயர்கள் ஆகியவை வரையறுத்த கலைச்சொற்கள் என்பதால் மாற்றவில்லை, அவற்றின் பட்டியலை இணைத்துள்ளேன்." அதற்குப் பிறகும் மாற்றச் சொன்னால் எந்த வாக்கியத்தில் எந்தச் சொல் என்று குறிப்பாகக் கேளுங்கள், அந்த ஒரு வாக்கியத்தை மட்டும் எடுத்து இருவரும் உட்கார்ந்து பேசிவிடலாம்.